இருக்கிறவனுக்கு அழுத தெரு

குருசுக்குப்பத்தில் மத்தியானம் என்றால் தெரு செத்துக் கிடக்கும். விடியற்காலையில் கடலுக்குப் போய் வந்த ஆம்பிளைகள் சோற்றைத் தின்றுவிட்டுப் படகு நிழலில் குப்புறக் கிடப்பார்கள். பொம்பிளைகள் மீன்கூடையைத் தூக்கிக்கொண்டு பெரிய மார்க்கெட்டுக்குப் போயிருப்பார்கள். நடமாடுவது கோழியும் நாயும்தான். அந்த நேரம் பார்த்துத்தான் தயாபரன் கொல்லைப் படலைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தான்.

நகுலா சட்டி தேய்த்துக்கொண்டிருந்தாள். எலும்பும் தாடியுமாக ஒருத்தன் எதிரே வந்து நின்றதும் கையிலிருந்த தேங்காய்நார் கீழே விழுந்துவிட்டது. கத்த வாயைத் திறந்தாள், காற்றுதான் வந்தது. "நகுலா, நான்தான்" என்றான் அவன். குரல் மட்டும்தான் அண்ணனுடையதாக இருந்தது.

எண்பத்தைந்தாம் வருஷம் அது. நகுலாவுக்குப் பதினைந்து வயது, தயாபரனுக்குப் பதினேழு. யாழ்ப்பாணத்து வடகரையில் அவர்களுக்கு ஊர். அப்பா குமாரவேலு வள்ளம் வைத்திருந்தவர். அந்தக் கரைக்கும் இந்தக் கரைக்கும் சேலை, சோப்பு என்று ஏதோ வியாபாரம். என்ன வியாபாரம் என்று துருவிக் கேட்காதீர்கள், இரண்டு கரையிலும் அந்தக் காலத்தில் யாரும் கேட்டதில்லை. அதில் சிநேகமானவர்தான் குருசுக்குப்பத்து ராஜாங்கம். "ஏதும் நடந்தா பாண்டிச்சேரிக்குப் போங்கோ, ராஜாங்கத்தின்ர வீட்டைக் கேளுங்கோ" என்று அப்பா பிள்ளைகளுக்கு மனப்பாடமே பண்ணி வைத்திருந்தார்.

ஊருக்குள் ஆமி புகுந்து வீடுகளைக் கொளுத்திய அன்று இரண்டு வள்ளங்கள் கிளம்பின. பிள்ளைகள் முன்வள்ளத்தில், அப்பாவும் அம்மாவும் பின்வள்ளத்தில். தயாபரனுக்குக் கடும் காய்ச்சல். தார்ப்பாய்க்குக் கீழே சுருண்டு கிடந்தான். நகுலா பின்பக்கமே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நேவிப் படகு வந்ததைப் பார்த்தாள். பின்வள்ளம் தீப்பிடித்ததைப் பார்த்தாள். சேலை எரிய எரிய அம்மா தண்ணீரில் குதித்ததையும் பார்த்தாள். அப்பா குதிக்கவே இல்லை. வள்ளம் ஓட்டியவரும் பார்த்தார். "பெடியனுக்கு இப்ப சொல்லாத பிள்ளை, அவனும் கடல்ல பாய்ஞ்சிடுவான்" என்று அவள் காதோடு சொன்னார். அவள் சொல்லவில்லை. வேதாரணியத்தில் கரையேறியதும், அம்மா அப்பா எங்கே என்று அண்ணன் கேட்டான். "அவையள் வேற பக்கமாத் திரும்பிப் போனவை அண்ணை, பேந்து வருவினம்" என்றாள்.

அன்று சொன்ன பொய்தான். அதற்குப் பிறகு அதை எடுத்துப் போட அவளுக்கு ஒரு வழியும் தெரியவில்லை. ஊரில் இருக்கும்போதே தயாபரன் சொல்லியிருந்தான், வீட்டில் யாருக்காவது ஏதாவது ஆனால் அடுத்த நாளே இயக்கத்தில் சேர்ந்து துவக்குத் தூக்கப் போய்விடுவேன் என்று. சொன்னால் சொன்னபடி செய்கிற பிடிவாதக்காரன். இருக்கிற ஒரே உசுரையும் எவள் விட்டுக்கொடுப்பாள்? அவன் வேதாரணியம் கரையிலேயே அடுத்த வள்ளத்துக்குக் காத்திருந்தான். சேதி கேட்டு ராஜாங்கம் போய் நகுலாவை மட்டும் குருசுக்குப்பத்துக்குக் கூட்டிவந்தார். அவர் மனைவி அன்னக்கிளியிடமும் அவள் அதே பொய்யைத்தான் சொன்னாள். அப்பா அம்மா வருவார்கள், அண்ணன் கூட்டிக்கொண்டு வருவான்.

பயந்த பிள்ளை என்று அவளைச் சொன்னால் பத்தாது. மில் சங்கு ஊதினால் கட்டிலுக்கு அடியில் போய்விடுவாள். யாராவது தீக்குச்சி கிழித்தால் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். கடல் முப்பது அடியில் இருக்கிறது, இரண்டு மாசத்தில் ஒருநாள்கூட அந்தப் பக்கம் எட்டிப் பார்த்ததில்லை. "கடக்கர பொண்ணு கடலப் பாத்து பயப்படுது, எங்கயாவது உண்டா இந்தக் கூத்து" என்று அன்னக்கிளி கேலி பண்ணுவாள். நகுலா அவளை மாமி என்று கூப்பிட்டதற்கும் முதல் நாளே அப்படித்தான் சிரித்தாள். "மாமியா? நான் இன்னா அக்ரகாரத்து அம்மாளா? மீன் விக்கிறவடி." ஆனால் பிறகு அந்த மாமிக்கே பழகிவிட்டாள்.

இப்போது தயாபரன் குந்தி உட்கார்ந்து பழைய சோற்றையும் மீன் குழம்பையும் வாரி வாரித் தின்றான். நகுலா அவன் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். விரலெல்லாம் வெடித்திருந்தது.

"ஒரு வள்ளம் விடாமப் பாத்தன் நகுலா. வந்த ஆக்கள் எல்லாரையும் கேட்டன். ஒருத்தருக்கும் தெரியேல்லை."

அவள் இன்னும் கொஞ்சம் குழம்பை ஊற்றினாள்.

"இனி காத்துக்கொண்டிருக்க ஏலாது. இந்த வெள்ளிக்கிழமை இயக்கப் பெடியளின்ர வள்ளம் ஒண்டு அங்கால போகுது. எனக்கும் இடம் தாறம் எண்டவை. உனக்குச் சொல்லிப்போட்டுப் போகத்தான் வந்தனான்."

"எங்க போகப்போறாய்?"

"ஊருக்கு. அம்மாவையும் அப்பாவையும் தேட வேண்டாமே? எங்கயாவது கோயில்ல, பள்ளிக்கூடத்தில ஒளிச்சிருப்பினம்."

இல்லாதவர்களைத் தேடிக்கொண்டு, அதே கடலில், அதே நேவிக்கு நடுவில் இவன் போகப்போகிறான். சொல்லாவிட்டால் தேடப் போவான். சொன்னால் பழி தீர்க்கப் போவான். எந்தப் பக்கம் பார்த்தாலும் வள்ளம்தான் நின்றது. "போகாத அண்ணை" என்றாள். "ஏன்?" என்றான் அவன். இரண்டு மாசமாக நெஞ்சுக்குள் இருந்ததை இப்போதாவது கொட்டியிருக்கலாம். நாக்கு அசைந்தால்தானே.

அப்போது வாசலில் சைக்கிள் ஸ்டாண்டு போடுகிற சத்தம் கேட்டது. தட்டிச் சந்து வழியாக எட்டிப் பார்த்தாள். சிவப்புத் தொப்பி தெரிந்தது. போலீஸ்.

அவர்கள் ஊரில் காக்கியைக் கண்டால் எந்த வீட்டுப் பிள்ளைக்கும் என்ன செய்யவேண்டுமென்று தெரியும். முதலில் ஆம்பிளைப் பிள்ளையை மறைக்கவேண்டும். பக்கத்து வீட்டு மலர் அக்காவின் அம்மா அப்படிச் செய்யாதவள். எத்தனை ஆம்பிளைப் பிள்ளைகள் என்று ஆமிக்காரன் கேட்டதற்கு, பாவம், உள்ளது உள்ளபடி இரண்டு என்று சொன்னாள். இரண்டு பேரையும் லொறியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். பிறகு அந்தப் பிள்ளைகளின் சட்டைகூடத் திரும்பி வரவில்லை. அன்றைக்கே அம்மா நகுலாவை உட்காரவைத்துச் சொல்லிக்கொடுத்தாள்: "ஆர் கேட்டாலும் அண்ணன் இல்லை எண்டு சொல்லு. கெஞ்சிக் கேட்டாலும் இல்லை. அடிச்சுக் கேட்டாலும் இல்லை."

அவள் தயாபரன் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் ராஜாங்கத்தின் வலைக் கொட்டகைக்குள் தள்ளினாள். பழைய வலைகளை அவன்மேல் இழுத்துப் போட்டாள். "பொலிஸ் வந்திருக்கு. மூச்சு விடாத அண்ணை, நான் கூப்பிடும்வரைக்கும் வெளியில வராத." சோற்றுத் தட்டைத் தொட்டித் தண்ணீரில் அமுக்கிவிட்டு, பாவாடையில் கையைத் துடைத்துக்கொண்டு வாசலுக்கு வந்தாள்.

வந்தவர் பெயர் சக்கரபாணி. டவுனுக்கு அந்தப் பக்கம் சாரம் என்கிற இடத்திலிருந்து சைக்கிளில் மிதித்து வந்தவர். வியர்வையில் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது.

"ராஜாங்கம் வூடுதான இது? சிலோன் பொண்ணு இருக்குதுன்னாங்க. நீதானா?"

"ஓம்."

"ராஜாங்கம் எங்க?"

"மாமா கடலூருக்குப் போயிட்டார். இன்ஜின் சாமான் வாங்க."

"பேரு இன்னாம்மா?"

"நகுலேஸ்வரி."

"கூட யாரு?"

"ஒருத்தரும் இல்லை."

சக்கரபாணி மீசையைத் தடவினார். "அண்ணன்காரன் ஒருத்தன் இருக்கான்னு தெருவுல சொன்னாங்களேம்மா. பதினேழு பதினெட்டு வயசுப் பையனாமே?"

அந்த நேரம் பார்த்து வலைக் கொட்டகைக்குள் ஏதோ தகரம் உருண்டது. சக்கரபாணி தலையைத் திருப்பினார். அவ்வளவுதான். வாயில் வந்ததை அவள் சொல்லிவிட்டாள்.

"அண்ணன் செத்துப்போனார்."

சக்கரபாணியின் தலை திரும்பி வந்தது. "எப்பம்மா?"

"வரேக்க. கடல்ல." இனி நிறுத்த முடியவில்லை. நிறுத்தினால் மறுபடி கொட்டகைப் பக்கம் பார்த்துவிடுவாரே. "பின்னால வந்த வள்ளத்தில இருந்தவர். நேவி சுட்டது. வள்ளம் பத்தி எரிஞ்சது. தண்ணியில குதிச்சு, பேந்து மேல வரேல்லை. நான் கண்ணால கண்டனான்."

அவள் கண்டதைத்தான் சொன்னாள். ஆளை மட்டும் மாற்றிச் சொன்னாள். அதனால்தானோ என்னவோ, பொய் மாதிரியே தெரியவில்லை. சக்கரபாணி மெல்லத் தொப்பியைக் கழற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். காக்கிச் சட்டைக்காரன் தனக்கு முன்னால் தொப்பியைக் கழற்றி அவள் பார்த்ததே இல்லை. அது அவளை இன்னும் பயமுறுத்தியது, இதில் என்ன சூது இருக்குமோ என்று.

வேலிக்கு அந்தப் பக்கம் மணியம்மாள் இருந்தாள். யானைக்கால் வீங்கி, அன்றைக்கு மார்க்கெட்டுக்குப் போகாமல் படுத்திருந்தவள். போலீஸ் குரல் கேட்டுக் காதைத் தீட்டிக்கொண்டு நின்றவளுக்கு இது போதாதா? "ஐயையோ, அந்தப் பொண்ணோட அண்ணன் செத்துட்டானாம். இத்தினி நாளா வாயத் தொறக்காம இருந்திருக்குதே பாவி மவ" என்று தெருவுக்கே கேட்கக் குரல் கொடுத்தாள். குருசுக்குப்பத்தில் சாவுச் செய்திக்குத் தந்தி தேவையில்லை, மணியம்மாள் போதும்.

மார்க்கெட்டிலிருந்து பொம்பிளைகள் திரும்புகிற நேரம் அது. அன்னக்கிளி தெருமுனையிலேயே சேதி கேட்டாள். வெற்றுக் கூடையை அங்கேயே வீசிவிட்டு ஓட்டமும் நடையுமாக வந்தாள். வந்தவள் ஒரு வார்த்தை கேட்கவில்லை. நகுலாவைக் கழுத்தோடு சேர்த்துக் கட்டிக்கொண்டாள். "சொல்லலியேடி எங்கிட்ட. ரெண்டு மாசம் எம் பக்கத்துல படுத்துக்கினு சொல்லலியேடி."

அங்கெல்லாம் அப்படித்தான். சாவு எப்போது நடந்தது என்பது பேச்சில்லை, எப்போது காதில் விழுந்ததோ அப்போது அழவேண்டும். ஒவ்வொருத்தியாக வந்தார்கள். மீன் செதில் ஒட்டிய கையோடு கொண்டையை அவிழ்த்துவிட்டு, வட்டமாக உட்கார்ந்து, ஒருத்தி தோளில் ஒருத்தி கைபோட்டு, நகுலாவை நடுவில் இழுத்துப் போட்டுக்கொண்டார்கள். அன்னக்கிளிதான் எடுத்துக்கொடுத்தாள்.

"கரையேறி வருவான்னு – எங்கண்ணு
கண்ணு பூத்து நின்னாளே
கூடப் பொறந்தவள – எங்கண்ணு
கூட்டாம போனியே..."

நான்கு எட்டு தூரத்தில், வலைக்குக் கீழே, அண்ணன் உயிரோடு கிடக்கிறான். அவனுக்குத்தான் இந்த ஒப்பாரி. உயிரோடிருக்கிறவனுக்கு எழவு பாடினால் என்ன ஆகும்? தன் வாயாலேயே அண்ணனைக் கொன்றுவிட்டாளோ? இது பொய், நிறுத்துங்கள் என்று கத்தலாம். ஆனால் சிவப்புத் தொப்பி போகவில்லை. எழவு வீட்டிலிருந்து சட்டென்று கிளம்பினால் நன்றாயிருக்காது என்று வேலியோரமாக ஒதுங்கி நிற்கிறது. அவள் உடம்பு உதறியது. துக்கத்தில் உதறுகிறாள் என்று நினைத்துப் பொம்பிளைகள் இன்னும் இறுக்கிக்கொண்டார்கள்.

அந்த இறுக்கத்தில் எங்கேயோ அவளுக்குள் பிடி விட்டுப்போனது. இரண்டு மாசத்தில் ஒருத்தரும் அவளை அப்படிக் கட்டிக்கொண்டதில்லை. அழுவதற்கு அவள் இடம் கொடுக்கவில்லை, அதுதான் உண்மை. அழுதால் ஏன் என்று கேட்பார்களே. இப்போது அழலாம், யாரும் கேட்கமாட்டார்கள். வாயைத் திறந்தாள்.

"அம்மோய்... நெருப்போட தண்ணிக்குள்ள குதிச்சியே அம்மா... என்னைப் பாத்துக் கையைக் காட்டினியே அம்மா..."

அன்னக்கிளியின் கை அவள் முதுகில் அப்படியே நின்றது. பாட்டும் நின்றது.

வலைக்குக் கீழே கிடந்த தயாபரனுக்கு வாசல் பேச்சோ பாட்டின் வார்த்தைகளோ எதுவும் விளங்கவில்லை. அவனுக்குக் கேட்டது பொம்பிளைகள் கூட்டமாக அலறுவதும், நடுவில் அம்மோய் என்று தங்கச்சி கத்தியதும்தான். போலீஸ் வந்தது, தங்கச்சி தனியாக வெளியே போனாள், இப்போது சாவு ஓலம். அவன் வேறு என்னத்தை நினைப்பான்? நகுலாவை அடித்துக் கொல்கிறார்கள். கொட்டகையில் சாய்த்திருந்த துடுப்பை உருவிக்கொண்டு, வலையெல்லாம் காலில் சுற்ற, "நகுலா" என்று கத்திக்கொண்டு பாய்ந்து வந்தான்.

ஒப்பாரி வட்டம் சிதறியது. இரண்டு பொம்பிளைகள் வேலியைத் தாண்டி விழுந்தார்கள். மணியம்மாள், அந்த யானைக்காலோடு, எல்லோருக்கும் முன்னால் ஓடினாள்.

"டேய், நில்லுடா. துடுப்பக் கீழ போடு." சக்கரபாணி முன்னால் வந்தார்.

வந்துவிட்டது, எது வரக்கூடாது என்று பொய் சொன்னாளோ அது வந்துவிட்டது. நகுலா உருண்டு எழுந்து ஓடிப்போய் சக்கரபாணியின் இரண்டு காலையும் கட்டிக்கொண்டாள். "சேர், பிடிச்சுக்கொண்டு போகாதேங்கோ சேர். அவருக்குப் பன்னிரண்டு வயசுதான். சின்னப்பிள்ளை சேர்."

சக்கரபாணி தயாபரனைப் பார்த்தார். ஆறடி உயரம், நெஞ்சு வரைக்கும் தாடி இல்லாத குறைதான். "பன்னண்டு வயசா?" என்றார். கூட்டத்தில் ஒருத்தி களுக்கென்று சிரித்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டாள்.

"கால வுடும்மா மொதல்ல. வுடுன்றேன்ல. நான் இன்னா புள்ள புடிக்கறவனா? சிலோன்லேர்ந்து வந்த ஜனங்கள எண்ணிட்டு வா, படிக்கிற வயசுப் புள்ளைங்க இருந்தா பள்ளிக்கூடத்துல சேக்கலாம், கையில ஏதாவது உதவி குடுக்கலாம்னு அனுப்பினாங்க. அதுக்குப் போயி உசுரோட இருக்கற பையனச் செத்துட்டான்னு சொல்லுவாங்களா?" கோபமாகத்தான் ஆரம்பித்தார். கால் வழியாக ஏறிவந்த அவளுடைய நடுக்கம் அவருக்குப் புரிந்ததோ என்னவோ, முடிக்கும்போது குரல் இறங்கியிருந்தது.

நகுலா நம்பவில்லை. காலை விட்டாள், உடனே போய் அண்ணன் சட்டை ஓரத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள்.

மணியம்மாளுக்குத்தான் ஆற்றாமை தாங்கவில்லை. வேலிக்கு அந்தப் பக்கம் நின்றே சத்தம் போட்டாள். "இருக்கறவனுக்கு அழ வெச்சுட்டியேடி. அவனுக்கு ஆயுசு கெட்டின்னு வெச்சுக்க, அது போவுது. நாங்க கொண்டைய அவுத்துட்டோம், எழவுன்னு வாய் வெச்சுட்டோம். சாவு இல்லாத வூட்டுல பாதிப் பாட்டுல எந்திரிச்சுப் போனா இந்த வூட்டுக்கு ஆவுமா, எங்க வூட்டுக்குத்தான் ஆவுமா?"

"சாவு இல்லாத வூடுன்னு யாரு சொன்னது?" என்றாள் அன்னக்கிளி.

அவள் இன்னும் அதே இடத்தில் உட்கார்ந்திருந்தாள், தலைமயிர் விரிந்தபடி. நகுலாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இங்க வா."

நகுலா அசையவில்லை.

"அண்ணனுக்கு அழுவறவ அண்ணான்னு அழுவா. நீ அம்மான்னு அழுத. நெருப்புன்னு அழுத. கையக் காட்டினான்னு அழுத. பொய்க்கு அழுவறவளுக்கு அதெல்லாம் வராது. சொல்லு கண்ணு, யாருக்கு அழுத?"

தயாபரன் தங்கச்சியைத் திரும்பிப் பார்த்தான். அந்தப் பார்வைக்குத்தான் அவள் இத்தனை நாளும் ஒளிந்து திரிந்தது. இனி ஒளிய இடமில்லை. "இல்லை" என்று ஒரு தரம் சொல்லிப் பார்த்தாள். அம்மா சொல்லிக்கொடுத்த இல்லை. அது இந்த இடத்துக்கு உதவவில்லை.

"அண்ணை... அவையள் வரமாட்டினம்."

"ஆர்?"

"அம்மாவும் அப்பாவும். அண்டைக்கே... பின்வள்ளம் எரிஞ்சது. நீ படுத்திருந்தாய்."

"நீ கண்டனியே?"

"ஓம்."

"ரெண்டு மாசம் கரையில நிண்டனான். வாற வள்ளமெல்லாம் ஓடி ஓடிப் பாத்தனான். ஏன் சொல்லேல்லை?"

"சொன்னா நீ போயிடுவாய். எனக்கு வேற ஆர் இருக்கினம்?"

தயாபரன் சட்டையை அவள் பிடியிலிருந்து பிடுங்கிக்கொண்டான். துடுப்பு கையில் இருந்தபடியே திரும்பினான். ஒருத்தரையும் பார்க்காமல், வேலி இடைவெளி வழியாக இறங்கிக் கடல் பக்கம் நடந்தான். நகுலா பின்னாலேயே ஓடினாள். மணல் ஆரம்பிக்கிற இடம் வந்ததும் கால் நின்றுவிட்டது. தண்ணீர் பளபளவென்று கிடந்தது. அவளால் முடியவில்லை. அன்னக்கிளி வந்து அவளை இடுப்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள்.

"வுடு. தண்ணியப் பாத்துட்டு வருவான்."

"வரமாட்டார் மாமி. இப்பிடியே வள்ளம் ஏறப் போயிடுவார். வெள்ளிக்கிழமை ஒண்டு போகுதாம்."

"வருவான். உங்கம்மா பேரு இன்னா?"

"தங்கரத்தினம்."

"அப்பா பேரு குமாரவேலு, அது எனக்கே தெரியும். எங்க வூட்டுக்காரரு வாயில நாளைக்குப் பத்துதரம் வரும்." அன்னக்கிளி திரும்பினாள். "வந்து ஒக்காருங்கடி. ஆள் தெரிஞ்சுபோச்சு. மணியம்மா, நீயும் வா, நொண்டிக்கினு நிக்காத. சத்தமா அழுவணும். அந்தப் பையன் காதுல வுழணும்."

அவர்கள் வீட்டு வாசலில் உட்காரவில்லை. மணல் விளிம்பிலேயே உட்கார்ந்தார்கள், கடலைப் பார்த்து. மறுபடி தோளில் கை போட்டார்கள். நகுலா நடுவில் இருந்தாள், கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு. அன்னக்கிளி எடுத்தாள்.

"தங்கமுன்னு பேரு வெச்ச – எந்தாயே தங்கரத்தினம்
தண்ணியில போனியே – எந்தாயே
நீ பெத்த ரெண்டு கண்ணு – எந்தாயே தங்கரத்தினம்
நிக்கிதே கரையில..."

அம்மாவை முன்பின் பார்க்காத பொம்பிளைகள். மீன் நாற்றமடிக்கிற சேலைகள். அவர்கள் வாயில் அம்மாவின் பெயர் திரும்பத் திரும்ப வந்தது. தங்கரத்தினம், தங்கரத்தினம் என்று மணியம்மாள் நெஞ்சில் அறைந்துகொண்டாள். ஏதோ சேர்ந்து மீன் விற்றவள் செத்துப்போன மாதிரி அழுதாள். ஊரில் அம்மாவுக்கு அழ ஒருத்தரும் மிச்சமில்லை. எரிந்த ஊருக்கு யார் வருவார்கள்? இங்கே ஒரு தெரு முழுக்க அழுகிறது. நகுலா அழுதுகொண்டே காதை மட்டும் பின்னால் வைத்திருந்தாள். காலடிச் சத்தம் எதுவும் கேட்கவில்லை. அலைச் சத்தம்தான் கேட்டது. போய்விட்டான் என்றே நினைத்தாள். திரும்பிப் பார்க்கத் தைரியம் இல்லை.

பாட்டு குமாரவேலுவுக்கு வந்தது. வள்ளத்தை விட்டுக் குதிக்காத அப்பாவை அன்னக்கிளி ராசா என்றாள், தொழிலாளி என்றாள், படகை விட்டு எறங்காத மகராசன் என்றாள்.

யாரோ வட்டத்தை விலக்கிக்கொண்டு உள்ளே வந்தார்கள். பொம்பிளைகள் அழுகிற வட்டத்துக்குள் ஆம்பிளை உட்காருகிற வழக்கம் அந்தக் குப்பத்தில் இல்லை. தயாபரன் உட்கார்ந்தான். பொத்தென்று மணலில் விழுந்தான் என்றுதான் சொல்லவேண்டும். துடுப்பு பக்கத்தில் கிடந்தது. கால்சட்டை முழங்கால்வரை நனைந்திருந்தது. யாரும் அவனை எழுந்து போகச் சொல்லவில்லை. மணியம்மாள் நகர்ந்து இடம் கொடுத்தாள். அவன் தலையை நகுலாவின் தோளில் சாய்த்து, வாய்விட்டு, சின்னப் பையன் மாதிரி அழுதான். பன்னிரண்டு வயதென்று அவள் சொன்னது அப்போது பொய்யாகத் தெரியவில்லை.

வெகுநேரம் கழித்துப் பாட்டு ஓய்ந்தது. ஆளுக்கு ஆள் மூக்கைச் சிந்தி, கொண்டையை முடிந்துகொண்டார்கள். யாரோ சொம்பில் தண்ணீர் கொண்டுவந்தார்கள்.

சக்கரபாணி இன்னும் போகவில்லை. தொப்பி கக்கத்திலேயே இருந்தது. மெல்லக் கிட்டே வந்து, கொஞ்சம் தள்ளியே நின்றார்.

"நான் போயி சொல்லணும்மா. நீ மொதல்ல ஒண்ணு சொன்ன. இப்ப கண்ணால ஒண்ணு பாக்கறேன். நான் எதச் சொல்லட்டும்? நீயே சொல்லிடு."

கெஞ்சிக் கேட்டாலும் இல்லை, அடித்துக் கேட்டாலும் இல்லை. இந்த மனுஷனை நம்பலாமா? நம்பினாலும், இருக்கிறான் என்று எந்த வாயால் சொல்வது? வெள்ளிக்கிழமை வள்ளம் இன்னும் இருக்கிறதே. இன்றைக்கு இருக்கிறான் என்று சொல்லிவிட்டு, மறுநாள் அவன் போய்விட்டால், இரண்டாந்தரமும் பொய் சொன்னவளாவாள். அந்தப் பொய்யை அவளால் தாங்க முடியாது.

அவள் அண்ணனைப் பார்த்தாள். கேட்கவில்லை, பார்த்தாள். அவன் கடலைப் பார்த்தான், மணலில் கிடந்த துடுப்பைப் பார்த்தான். அவள் கை தானாகப் போய் அவன் சட்டை ஓரத்தைப் பிடித்திருந்தது. இந்தத் தரம் அவன் அதைப் பிடுங்கிக்கொள்ளவில்லை.

"சொல்லு" என்றான்.

நகுலா சக்கரபாணியை நிமிர்ந்து பார்த்தாள்.

"இருக்கிறார் சேர். என்ர அண்ணன் இருக்கிறார். தயாபரன். பதினேழு வயசு."